கையெழுத்துப் போடுவதற்கு முன்னால்

அன்புள்ள மதிக்கு,

உன் பாடல்களை வெளியிட ஒரு நிறுவனம் வந்திருப்பதில் எனக்கும் அம்மாவுக்கும் ரொம்ப சந்தோஷம். ஆனால் "நல்ல மனுஷங்கப்பா, எல்லாப் பக்கத்தையும் படிக்கணுமா?" என்று கேட்டாயே, அதற்குத்தான் இந்தக் கடிதம்.

உனக்கு அமெரிக்க ஸோல் பாடகர் ஓடிஸ் ரெட்டிங் குரல் பிடிக்கும். அவரை உருவாக்கிய ஸ்டாக்ஸ் என்ற ரெக்கார்டு கம்பெனி அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரத்தில் இருந்தது. வங்கி வேலையில் இருந்த ஜிம் ஸ்டூவர்ட் 1957-ல் வேறு பெயரில் ஆரம்பித்தார். ஒலிப்பதிவு மெஷின் வாங்க அக்கா எஸ்டெல் ஆக்ஸ்டன் தன் வீட்டையே அடமானம் வைத்தார். (உன் அத்தையிடம் நீ கேட்டுப் பார்க்க வேண்டாம்.) 1960-ல் மெக்லெமோர் அவென்யூவில் ஒரு பழைய சினிமா தியேட்டரைப் பிடித்து, நாற்காலிகளை எடுத்துவிட்டு ஸ்டுடியோ ஆக்கினார்கள். தரை சரிவாகவே கிடந்தது. முன்னால் தின்பண்டம் விற்ற இடத்தில் எஸ்டெல் ரெக்கார்டு கடை போட்டார். அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் எதை விரும்பிக் கேட்கிறார்கள் என்பது அங்கேயே தெரிந்துவிடும். நிறம் பார்த்துப் பிரித்துவைத்த அந்த ஊரில், அந்த ஸ்டுடியோவின் வாத்தியக் குழுவில் இரண்டு கறுப்பரும் இரண்டு வெள்ளையருமாக ஒரே அறையில் உட்கார்ந்து வாசித்தார்கள். ஓடிஸ்கூட 1962-ல் இன்னொரு குழுவுக்கு வண்டி ஓட்டிக்கொண்டு வந்து, மீதியிருந்த நேரத்தில் பாடிக் காட்டியவர்தான்.

ஸ்டாக்ஸின் ரெக்கார்டுகளைக் கடைகளுக்கு விநியோகிப்பதை நியூயார்க்கின் அட்லாண்டிக் என்ற பெரிய ரெக்கார்டு கம்பெனி பார்த்துக்கொண்டது. முதலில் வாய்வார்த்தை. 1965-ல் எழுத்தில் போட்டபோது ஜிம் முழுக்கப் படிக்காமலே கையெழுத்திட்டார். 1967-ல் அட்லாண்டிக்கை வேறொரு கம்பெனிக்கு விற்றுவிட்டார்கள். அதே வருஷம் டிசம்பரில் ஓடிஸ் விமான விபத்தில் இறந்தார். அட்லாண்டிக்கை விட்டுப் பிரியலாம் என்று 1968-ல் ஸ்டாக்ஸ்காரர்கள் ஒப்பந்தத்தைப் புரட்டினால், அட்லாண்டிக் விநியோகித்த பதிவுகளின் மாஸ்டர், அதாவது மூல ஒலிப்பதிவு, எல்லாம் அட்லாண்டிக்குக்கே சொந்தம் என்று இருக்கிறது! ஓடிஸ் இறந்தபின் முதலிடம் பிடித்த பாட்டும் அதில் சேர்த்தி.

பழைய பாட்டெல்லாம் போனதால், ஸ்டாக்ஸின் நிர்வாகி ஆல் பெல் 1969-ல் ஒரே வீச்சில் 27 புது ஆல்பங்கள் இறக்கினார். அவற்றில் பாடிய ஐசக் ஹேய்ஸ் ஒருவரே கம்பெனியைத் தூக்கி நிறுத்தினார் என்பேன். கடைசியில் வேறு கடன், வேறு ஒப்பந்தம் என்று 1975-ல் திவாலானது.

சரி, அந்தக் காகிதங்களை முழுசாக ஸ்கேன் செய்து அனுப்பு. வக்கீல் மாமா ஞாயிற்றுக்கிழமை வருகிறார். மாஸ்டர் உரிமை யாருக்கு, எத்தனை வருஷத்துக்கு, அவர்கள் கம்பெனியை விற்றால் என்ன ஆகும், இந்த மூன்றையும் அவரிடம் கேட்டுச் சொல்கிறேன். அதுவரை பேனாவைத் தொடாதே.

அன்புடன்,
அப்பா