மஞ்சளை மட்டும் சீவு

அன்புள்ள மகளுக்கு,

உன் தோழியின் திருமணத்துக்குக் கொண்டுபோக, எலுமிச்சைத் தோலை ஊறவைத்துச் செய்யும் இத்தாலிய இனிப்பு மதுவான லிமொன்செல்லோ போட வேண்டும், இங்கே எனக்கு அதைக் கற்றுத் தந்த சிஞ்ஞோராவின், அந்த இத்தாலிய அம்மையாரின், முறையை எழுதி அனுப்புங்கள் என்று கேட்டிருந்தாய். தொலைபேசியில் சொன்னால் அளவுகளை மட்டும் குறித்துக்கொண்டு மற்றதைக் காற்றில் விட்டுவிடுவாய் என்பதால் கடிதமாகவே எழுதுகிறேன். மதுவை வாயில் வைத்தறியாத நான் இதைச் சொல்லித் தருவது வேடிக்கைதான். நம் குசினியில் முதன்முதலாக அந்தக் கண்ணாடி ஜாடியைக் கண்ட உன் அப்பா, "பலெர்மோவுக்கு வந்து கசிப்புச் சாராயம் காய்ச்சத் தொடங்கிவிட்டாயா?" என்று கேட்டார். புளிக்க வைப்பதும் சாராயம்போல் காய்ச்சி வடிப்பதும் இதில் இல்லை. ஊறுகாய் போடத் தெரிந்தவளுக்குப் பழகிய வேலைதான், உப்பின் இடத்தில் அல்கஹோல் இருக்கிறது.

முதலில் பழம். இங்கே நான் பலெர்மோவின் பல்லாரோச் சந்தையில் இலையும் காம்புமாக விற்கும், சிசிலியிலேயே விளையும் சிராக்கூசா எலுமிச்சையை வாங்குகிறேன். யேர்மனியில் உனக்குக் கிடைப்பவற்றில் பலவற்றுக்குப் பளபளப்புக்காக மெழுகும், பூஞ்சணம் பிடிக்காமலிருக்க மருந்தும் பூசியிருப்பார்கள். தோல் உண்ணத் தகாதது என்று பொதியிலேயே சிறிய எழுத்தில் எழுதியிருக்கும். வெந்நீரில் தேய்த்துக் கழுவினால் போதும் என்று யாராவது சொன்னால் கேட்காதே. நமக்கு வேண்டியதே தோல்தான் என்பதால் 'பியோ' என்று குறித்த, மருந்து பூசாத பழம் 10 வாங்கு. தென் இத்தாலியின் சொரெந்தோ எலுமிச்சை, அமால்பி எலுமிச்சை என்று பெயர் போட்டவை அகப்பட்டால் நல்லதே; வேறிடத்துப் பழத்துக்குப் போடாதபடி அவற்றின் ஊர்ப்பெயருக்கு 2000, 2001ஆம் ஆண்டுகளிலேயே ஐரோப்பியப் பாதுகாப்பு கிடைத்துவிட்டது. லிமொன்செல்லோ தங்களுடையதென்று சொரெந்தோவும் அமால்பியும் காப்ரித் தீவும் இன்றுவரை வாதாடுகின்றன. 1988இல் அந்தப் பெயரை வணிகக் குறியாகப் பதிவு செய்தவர் காப்ரிக்காரர். இந்தக் கதை எடுக்கும்போதெல்லாம் சிஞ்ஞோரா, சிசிலியின் எலுமிச்சை இல்லாவிட்டால் இவர்கள் எதைப் பிழிந்திருப்பார்கள் என்று முகத்தைச் சுளிப்பார்.

இனி, சீவுதல். நான் முதல் தடவை செய்தபோது அவசரத்தில் கத்தியை ஆழமாக விட்டு, தோலோடு வெள்ளைச் சதையையும் சேர்த்தே சீவிப் போட்டேன். பத்து நாள் கழித்துச் சீனிப்பாகும் சேர்த்துக் கொண்டுபோய்க் கொடுத்தபோது சிஞ்ஞோரா ஒரு கரண்டி சுவைத்துவிட்டு, ஒன்றும் பேசாமல் கரண்டியை மேசைமேல் வைத்தார். அந்தக் கசப்பை எத்தனை சீனி போட்டாலும் மறைக்க முடியாது. மறுநாள் என்னைப் பக்கத்தில் இருத்தி, உருளைக்கிழங்கு சீவும் கருவியால், அடியில் உள்ள பலகையின் நிறம் தெரியும் அளவுக்கு மெல்லியதாகச் சீவிக் காட்டினார். பிறகு ஒரு துண்டை மெழுகுதிரிச் சுடருக்கு அருகில் பிடித்து மடித்தார். தோலிலிருந்து பீறிய எண்ணெய் பொறிபொறியாகப் பற்றியெரிந்தது. வாசனை முழுவதும் மஞ்சள் தோலின் அந்தச் சின்னஞ்சிறு எண்ணெய்ப் பைகளில்தான் இருக்கிறது என்பதை அதன் பிறகு எனக்கு யாரும் சொல்லத் தேவைப்படவில்லை. சீவிய துண்டின் உட்புறத்தில் வெள்ளை தெரிந்தால் சிறு கத்தியால் சுரண்டி எடு. தோலுரிந்த பழங்களைப் பிழிந்து சாற்றை உறைய வைத்தால் சொதிக்குப் புளி விட ஒரு மாதத்துக்குக் காணும்.

தோலை ஒரு லீற்றர் 96 சதவீத அல்கஹோலில் இட்டு, இறுக மூடி இருட்டில் வை. இங்கே அது சூப்பர் மார்க்கெட்டில் மதுபானங்களோடு கிடைக்கிறது. அங்கே போலந்துக்காரர் கடைகளில் கேட்டுப் பார். குடிக்கத் தகுந்தது என்று எழுதியிருப்பதை உறுதிசெய்துகொள். துடைக்கவும் எரிக்கவும் விற்பது நஞ்சு. இத்தாலியில் அதற்கு இளஞ்சிவப்புச் சாயம் இடுவதால் கண்டவுடன் தெரிந்துவிடும், அங்கே அது தண்ணீர் போலவே இருக்கும். பத்தாம் நாளளவில் அல்கஹோல் மஞ்சளாகி, தோல் வெளிறி, வளைத்தால் அப்பளம் போல ஒடியும். அதற்கு மேல் ஊறவைப்பதில் பயனில்லை.

ஒன்றரை லீற்றர் தண்ணீரில் 800 கிராம் சீனியைக் கரைத்துக் காய்ச்சி, கை வைத்தால் சூடே தெரியாத அளவுக்கு ஆறவிடு. சூடான பாகை ஊற்றினால் வாசனை ஆவியாகிப் போகும். அல்கஹோல் ஜாடியை எரியும் அடுப்புக்கு அருகிலும் கொண்டுபோகாதே. வடிகட்டிய அல்கஹோலில் பாகை ஊற்றும்போது, தெளிந்திருந்த மஞ்சள் நீர் கலங்கிப் பால்மஞ்சளாகும். கெட்டுவிட்டதென்று பயப்படாதே. கடும் அல்கஹோலில் கரைந்திருந்த எண்ணெய், தண்ணீர் கூடியதும் கரைந்திருக்க முடியாமல், ஒரு மில்லிமீற்றரில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு அளவிலான துளிகளாகப் பிரிந்து மிதப்பதே அந்தக் கலங்கல். எல்லாமாக ஏறக்குறைய 3 லீற்றர், 32 சதவீதம் அளவில் வரும். 40 சதவீத வொட்காவில் செய்வதானால் ஒரு லீற்றருக்கு 300 மில்லிலீற்றர் தண்ணீரும் 250 கிராம் சீனியும் போதும். ஆனால் வொட்கா எண்ணெயை அவ்வளவாக இழுக்காது. வாசனை குறைவாகத்தான் இருக்கும்.

போத்தல்களில் அடைத்து ஒரு மாதம் பொறுத்திரு, புதிதில் உள்ள காரம் தணியும். திருமணத்துக்கு முதல்நாள் உறைபெட்டியில் வை. உறையாது, சற்றே தடிக்கும். பனித்துகள் மிதந்தால் தண்ணீர் கூடிவிட்டதென்று அர்த்தம். சிறிய கண்ணாடிக் குவளைகளையும் கூடவே குளிர வை.

சீவி முடித்ததும் ஒரு துண்டின் உட்புறத்தைப் படமெடுத்து எனக்கு அனுப்பு. அல்கஹோலில் போடுவதற்கு முன்பு அனுப்பு.

அன்புடன்,
அம்மா