மாப்ளே, அந்தப் பசுவை இப்படிச் சமாளி

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. வீட்டு விஷயங்களுக்காக ஒரு தடவை, கடைசிப் பக்கத்துக்காக இரண்டு தடவை படித்தேன். பரணைச் சுத்தம் பண்ணும்போது, உள்ளே இருப்பதெல்லாம் வெளியே தெரியுமே அந்த ஊதா நிற கேம்பாய் கலர், நாம் கையில் வைத்து விளையாடிய வீடியோ கேம் மெஷின், அது பாப்பா கையில் கிடைத்தது என்று எழுதியிருந்தாய். அந்த வரியிலேயே நின்றுவிட்டேன். அது இன்னும் இருக்கிறது என்றே எனக்குத் தெரியாது. சிங்கப்பூரிலிருந்து உன் மாமா அதைக் கொண்டுவந்த நாள் ஞாபகம் இருக்கிறதா? 2001, நாம் எட்டாம் வகுப்பு, அரைப்பரீட்சை லீவு. திரையில் விளக்கு கிடையாது என்பதால் உங்கள் வீட்டுத் திண்ணையில் வெயில் நகர நகர நாமும் நகர்ந்து உட்கார்ந்தோம்.

இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு வலது கண்ணில் புரை எடுத்தாயிற்று. வருகிறவர்களுக்கெல்லாம் ஊசியில் தானே நூல் கோத்துக் காட்டிக்கொண்டிருக்கிறார். எனக்கு வேலை அதேதான், வீடுதான் மாறியிருக்கிறது. மாடி வீடு, நல்ல காற்று. மீதியை நேரில் பேசலாம்.

போகிமான் என்ற குட்டி மிருகங்களைப் பிடித்து வளர்த்து மோதவிடும் அந்த விளையாட்டில் நாம் சேமித்து வைத்த பழைய சேவ் அழிந்துபோனதற்கு நீ வருத்தப்பட்டிருந்தாய். எனக்கும் வருத்தம்தான், ஆனால் அது பரணின் ஈரத்தாலோ உன் கவனக்குறைவாலோ போகவில்லை. போகிமான் கோல்ட் கேட்ரிட்ஜுக்குள் சிஆர்2025 என்ற பட்டன் பேட்டரி ஒன்று இருக்கிறது. சேவைக் காப்பாற்றுவது அதுதான். அந்த விளையாட்டில் பகல், இரவு, கிழமை எல்லாம் உண்டு இல்லையா? நாம் அணைத்து வைத்த பிறகும் உள்ளே கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும். அதனால் முந்தைய போகிமான் ரெட், போகிமான் ப்ளூ கேட்ரிட்ஜ்களைவிட இதில் பேட்டரி சீக்கிரம் தீரும். நீ ரிப்பேர் கடையில் கொடுத்துப் புது பேட்டரி சால்டர் பண்ணி வாங்கியது சரியான வேலை. இனி பாப்பா விளையாடுவது பல வருஷம் நிற்கும்.

சரி, விட்னி விஷயத்துக்கு வருகிறேன், பேட்ஜ் வாங்க ஜெயித்தாக வேண்டிய மூன்றாவது ஜிம்மின், அதாவது சண்டைக்கூடத்தின், தலைவி. பாப்பா ஆறு தடவை தோற்றுவிட்டாள், "லெவல் ஏத்திக்கிட்டு வா" என்று நீ சொல்லி அனுப்பியிருக்கிறாய். வேண்டாம் மாப்ளே, அதைச் சொல்லாதே. நாம் அப்படித்தான் செய்தோம், அதனால்தான் கடைசிவரை நமக்கு ஒன்றும் பிடிபடவில்லை. தோற்றதும் அவள் சொன்னதாக நீ எழுதியிருக்கிறாயே, "அடிக்கவே விட மாட்டேங்குதுப்பா" என்று. விட்னியின் அந்தப் பசுவை அவள் ஆறே ஆட்டத்தில் சரியாகப் படித்துவிட்டாள். நமக்கு ஒரு லீவு முழுக்க ஆகியும் அது தெரியவில்லை.

கோல்டன்ராட் ஜிம்மில் விட்னியிடம் இருப்பது இரண்டே போகிமான். 18 லெவல் கிளஃபேரி ஒரு பொருட்டே இல்லை. 20 லெவல் மில்டேங்க், அந்தப் பசுதான் எமன். அது உயிரைக் கொல்வது ரோல்அவுட் என்ற உருளல் அடியில். முதல் உருளலின் பவர் 30தான். அடுத்தது 60, அப்புறம் 120, 240, ஐந்தாவது 480. விடாமல் பட்டால் ஒவ்வொன்றும் முந்தியதைப் போல இரண்டு மடங்கு. இது ராக் டைப், அதாவது கல் வகை அடி. பாப்பாவிடம் இருக்கும் குவிலாவா ஃபயர் டைப், நெருப்பு வகை. ஃபயர் மேல் ராக் விழுந்தால் இன்னும் ஒரு மடங்கு கூடும். ஆகவே அவளுக்கு முதல் உருளலே 60 போல, மூன்றாவது 240 போல விழுகிறது. அதற்குமேல் அந்தக் குட்டி எங்கே நிற்கும்?

அடிக்க விடாமல் செய்வது அட்ராக்ட் என்ற மயக்கும் வித்தை. மில்டேங்க் இனத்தில் எல்லாமே பெண். அட்ராக்ட் எதிர்ப் பாலின் மேல்தான் பலிக்கும். ஆரம்பத்தில் பேராசிரியர் கொடுக்கும் மூன்றில் எதை எடுத்தாலும் எட்டுக்கு ஏழு ஆணாகத்தான் வரும். பாப்பாவினுடையதும் ஆண் என்று எழுதியிருக்கிறாய். மயங்கிவிட்டால் பாதி நேரம் அது கை ஓங்காது. போதாததற்கு ஸ்டாம்ப், மிதி வாங்கினால் சில சமயம் அந்த முறை தவறிப்போகும். மில்டேங்க் வேகமானது என்பதால் முந்திக்கொண்டு மிதித்துவிடும். இத்தனையும் தாண்டி அடித்துப் பாதிக்குக் கொண்டுவந்தால் மில்க் டிரிங்க் குடித்துப் பாதி உயிரைத் திரும்ப ஏற்றிக்கொள்ளும்.

இப்போது இதைக் கவனி. உருள ஆரம்பித்துவிட்டால் மில்டேங்க்கால் நிறுத்த முடியாது. ஐந்து முறை முடிய வேண்டும், அல்லது ஒரு அடி குறி தவற வேண்டும், அல்லது அது தூங்கிப்போக வேண்டும். அதுவரை பால் குடிக்க முடியாது, மயக்க முடியாது. நாம் எதைப் பார்த்து நடுங்கினோமோ அந்த நேரத்தில்தான் அது கட்டிப்போட்ட மாடு மாதிரி இருக்கிறது. உருளலைத் தாங்குகிற ஆள் எதிரே நின்றால் போதும். குறி தவறினால் எண்ணிக்கை மறுபடி 30இல் இருந்துதான் தொடங்கும். இது மட்டும் திண்ணையில் உட்கார்ந்திருந்த நமக்குத் தெரிந்திருந்தால்!

தாங்குகிற ஆள் யார்? யூனியன் கேவில் கிடைக்கும் ஜியோடூட். அது ராக்கும் கிரவுண்டும் சேர்ந்தது. ரோல்அவுட் அதன் மேல் பாதியாக இறங்கும், ஸ்டாம்ப்பும் பாதிதான். பெண் ஜியோடூடாகப் பார்த்துப் பிடிக்கச் சொல், அட்ராக்ட் அதனிடம் செல்லாது. பாதிக்குப் பாதி பெண்ணாகவே வரும் என்பதால் ரொம்பத் தேட வேண்டியதில்லை. ஒன்று மட்டும் அவளிடம் சொல்லிவை: மூன்று உருளல் ஆன பிறகு ஜியோடூடை உள்ளே விட்டால் பிரயோஜனம் இல்லை. நாம் ஆளை மாற்றினாலும் மில்டேங்க்கின் எண்ணிக்கை ஓடிக்கொண்டுதான் இருக்கும். முதல் உருளலைப் பார்த்ததுமே மாற்ற வேண்டும்.

ஆனால் எனக்கு ரொம்பப் பிடித்தது மசில்தான். விட்னியின் ஊரான கோல்டன்ராட்டிலேயே டிபார்ட்மென்ட் ஸ்டோர் ஐந்தாவது மாடியில் ஒருவன் நிற்பான். ஒரு டிரவுசி கொடுத்தால் மச்சாப் ஒன்று தருவான், அதன் பெயர் மசில். டிரவுசி ஊருக்குத் தெற்கே 34ஆம் ரூட் புல்லில் கிடைக்கும், ஐந்து நிமிஷ வேலை. மசில் ஃபைட்டிங் டைப். அதன் அடி மில்டேங்க் மேல் இரட்டிப்பாக விழும், மில்டேங்க்கின் உருளல் அதன் மேல் பாதியாக விழும். இன்னொன்று, மசில் பெண்! அட்ராக்ட் ஒன்றும் பண்ணாது. அந்த ஊரிலேயே அந்தப் பூட்டுக்கு இத்தனை பொருத்தமான சாவியை வைத்துவிட்டு, வாயைத் திறக்காமல் விட்டிருக்கிறார்கள் இந்த விளையாட்டைச் செய்த கேம் ஃப்ரீக்காரர்கள். நானும் நீயும் அந்த மாடிக்கு எத்தனை தடவை ஏறி இறங்கியிருப்போம்? "மச்சாப்பா, வேண்டாம், பார்க்கவே நல்லா இல்லை" என்று நீ சொன்னது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது.

மாற்றி வாங்கிய போகிமானுக்கு அனுபவப் புள்ளி ஒன்றரை மடங்கு கிடைக்கும், சீக்கிரம் வளரும். இரண்டாவது பேட்ஜ் பாப்பாவிடம் இருப்பதால் 30 லெவல் வரை சொன்ன பேச்சைக் கேட்கும். ஜிம்முக்குள் இருக்கும் மற்றப் பெண்களோடு அவள் இன்னும் மோதவில்லை என்றால் மசிலை அங்கேயே பழக்கலாம், அவர்களிடம் இருப்பதெல்லாம் நார்மல் டைப்தான். 13 லெவலில் கராத்தே சாப் கற்றுக்கொள்ளும். அதற்குமேல் பயமில்லை.

குவிலாவாவை ஒதுக்கிவிட வேண்டாம் என்றும் சொல், பிள்ளைக்கு அதன் மேல் பாசம் இருக்கும். அதற்கு ஸ்மோக்ஸ்கிரீன் தெரியும், வளர்வதற்கு முன் சிண்டக்வில்லாக இருந்தபோதே ஆறாவது லெவலில் கற்றது. நெருப்பு அடிக்கிற முறையில் புகை போடுவது வீண் என்றுதான் நாமெல்லாம் நினைப்போம். மில்டேங்க் வந்ததும் ஒன்றோ இரண்டோ புகை போட்டுவிட்டு மசிலை உள்ளே இறக்கட்டும். புகை மில்டேங்க்கின் மேல் அப்படியே நிற்கும், உருளல் தவறும் வாய்ப்பு ஏறும். குவிலாவா மயங்கியிருந்தாலும் வெளியே எடுத்ததும் மயக்கம் தெளிந்துவிடும்.

ஜெயித்த பிறகு ஒரு விஷயம். விட்னி அழுவாள். பேட்ஜ் தர மாட்டாள். பாப்பா பயந்து மெஷினை அணைத்துவிடப் போகிறாள். அவளை வாசல் பக்கம் நடக்கச் சொல். ஒரு பெண் குறுக்கே வந்து, தோற்றால் விட்னி இப்படித்தான் அழுவாள் என்பாள். திரும்பிப் போய்ப் பேசினால் பிளெயின் பேட்ஜ் கைக்கு வரும். நாம் முதல் தடவை பார்த்தபோது நீயும் நானும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தோம். அவளை அழ வைத்துவிட்டோமே என்று உண்மையிலேயே சங்கடமாக இருந்தது.

நாம் எப்படி ஜெயித்தோம் என்பதையும் எழுதிவிடுகிறேன். நம் முதல் போகிமான் டோட்டோடைலை வளர்த்து குரோக்கனா ஆக்கி, அதை 30ஆவது லெவலில் ஃபெராலிகேட்டர் ஆகும் வரை ஊர் ஓரப் புல்லில் அடித்துக்கொண்டே இருந்தோம். லீவு முடிய இரண்டு நாள் இருக்கும்போது உள்ளே போய் மில்டேங்க்கை இரண்டே அடியில் சாய்த்தோம். அன்றைக்கு உன் அம்மா ரவா லட்டு கொடுத்தார்கள். சந்தோஷம்தான். ஆனால் அடுத்த ஊர் ஜிம் தலைவன் மார்ட்டியின் 25 லெவல் ஜென்கார் நம்மைத் தூங்க வைத்து, ஓடவும் விடாமல் பிடித்து, கனவைத் தின்றதே, அங்கேயும் நாம் செய்தது அதே புல்லடிதான். அந்த இடத்துக்கு மின்ட்பெர்ரி ஒன்றைக் கையில் கொடுத்து ஹூட்ஹூட்டை இறக்கினால் போதும், தூக்கம் பிடித்தாலும் பெர்ரி எழுப்பிவிடும். ஜென்காரின் ஷாடோ பால் நார்மல் டைப்பின் மேல் படவே படாது. பாப்பாவுக்கு இதை முன்கூட்டியே சொல்லாதே, ஒரு தடவை தோற்கட்டும். தோற்ற பிறகு, "அது என்ன பண்ணிச்சு?" என்று மட்டும் கேள்.

விளையாட்டின் கடைசி எதிராளி ரெட்டிடம் நாம் தோற்றதற்குக் காரணம் எனக்குப் போன மாதம்தான் முழுசாக விளங்கியது. 16 பேட்ஜும் வாங்கி மவுண்ட் சில்வர் குகையின் உச்சிக்குப் போனோம். ஒரு வார்த்தை பேசாமல் அவன் திரும்பி நின்றான். 81 லெவல் பிக்காச்சுவை எப்படியோ தாண்டினோம். அப்புறம் 75 லெவல் ஸ்நோர்லாக்ஸ். நாம் ஃபெராலிகேட்டரை விட்டு சர்ஃப் என்ற தண்ணீர் அடியை மேலும் மேலும் அடிக்கிறோம், அது அம்னீஷியா போட்டுக்கொண்டே போகிறது, ஸ்பெஷல் அடி எதுவும் உறைக்கவில்லை. கொஞ்சம் குறைந்தால் ரெஸ்ட் போட்டுத் தூங்கி முழு உயிரையும் ஏற்றிக்கொள்கிறது, தூங்கிக்கொண்டே குறட்டையால் அடிக்கிறது. அந்தக் காலத்து விளையாட்டில் வாட்டர் டைப் அடி எல்லாமே ஸ்பெஷல் கணக்கு, உடல் பலம் அதில் சேராது. ஃபெராலிகேட்டரின் பலமோ உடல் பலம், அட்டாக் 105, ஸ்பெஷல் அட்டாக் 79. நூறு மணி நேரம் வளர்த்த பிள்ளையின் பலவீனமான கையால் சண்டை போட்டிருக்கிறோம் மாப்ளே. அடுத்த வாரம் உன் அப்பாவுக்கு மாற்றல் வந்தது, கேட்ரிட்ஜும் உன்னோடு போய்விட்டது.

அன்று ஸ்நோர்லாக்ஸ் முன் நமக்கு வேண்டியிருந்தது ஒரு மச்சாம்ப், மச்சாப் வளர்ந்து மச்சோக் ஆகி அதற்கும் மேலே ஆவது. கிராஸ் சாப் ஃபைட்டிங் அடி, உடல் பலக் கணக்கு, அம்னீஷியா அதைத் தடுக்காது, நார்மல் டைப் மேல் இரட்டிப்பு. ஆனால் மச்சோக் மச்சாம்ப் ஆக வேண்டுமென்றால் கேபிள் போட்டு இன்னொரு கேம்பாய்க்கு மாற்ற வேண்டும். நம் தெருவில் இருந்ததே ஒன்றுதான்.

இதற்குத்தான் இந்தக் கடிதம். உன் கடிதம் வந்த மூன்றாம் நாள் பழைய சாமான் கடை ஒன்றில் மஞ்சள் கேம்பாய் கலரும் லிங்க் கேபிளும் பிடித்துவிட்டேன். கூடவே கோல்டின் ஜோடி விளையாட்டான சில்வர் கேட்ரிட்ஜ் ஒன்று, அதற்கும் பேட்டரி மாற்றியாயிற்று. சிக்கோரிட்டாவோடு தொடங்கி இரண்டாவது ஜிம் வரை வந்திருக்கிறேன். பொங்கலுக்கு நாங்கள் எல்லோரும் அங்கே வருகிறோம். அதற்குள் மசிலை 28 லெவலுக்குக் கொண்டுவந்து மச்சோக் ஆக்கி வைக்கச் சொல் பாப்பாவிடம். என் பக்கம் வந்ததும் அது மச்சாம்ப் ஆகும், அடுத்த நிமிஷமே அவளுக்குத் திருப்பி அனுப்பிவிடுகிறேன். திண்ணையில் கிழக்குப் பக்கம் எனக்கு இடம் போட்டு வை.

அன்புடன்,
உன் மச்சான்