தடத்தில் கொஞ்சம் தண்ணீர் தெளித்துவிடுங்கள்

எங்கள் ஊரில் படம் எடுத்துக்கொண்டிருக்கும் குழுவினருக்கு,

வணக்கம். சினிமா எங்களுக்குப் புதிதில்லை. கோபிசெட்டிபாளையத்துக்குச் சின்னக் கோடம்பாக்கம் என்று பேர் வந்து எவ்வளவோ காலமாகிறது. பாக்யராஜ் பிறந்த வெள்ளாங்கோவிலும் இந்தப் பக்கம்தான். தடப்பள்ளி வாய்க்கால் மேட்டில் எத்தனை கதாநாயகிகள் ஓடினார்கள் என்று கணக்குச் சொல்லும் பெரியவர்கள் இங்கே உண்டு. அதனால் ஷூட்டிங்கே வேண்டாம் என்று சொல்ல வரவில்லை.

என் தோட்டத்தில் பட்டுப்புழு இருக்கிறது. நாலாவது முறை தோல் உரித்து, ஐந்தாம் பருவத்துக்கு வந்துவிட்டது. ஒரு புழு மொத்தமாகத் தின்னும் இலையில் முக்கால் பங்குக்கும் மேல் இந்தக் கடைசி 7, 8 நாளில்தான் தின்னும். மல்பெரியை ஒட்டிய மண் தடத்தில் உங்கள் லாரியும் வேனும் நாளெல்லாம் ஓடுகின்றன. இலையைத் தொட்டால் விரலில் செம்மண். அதைப் போட்டால் புழுவுக்கு நோய் வரும். நேற்று கொஞ்சம் இலையை அலசிப் பார்த்தோம். ஈர இலையும் ஆகாது, உலர்த்துவதற்குள் வாடிப்போகிறது.

அப்புறம் அந்தப் புகை. புழு மனைப் பக்கம் பீடி பிடிக்கக்கூட யாரையும் விடமாட்டோம். நீங்கள் விடியற்காலைப் பனி வேண்டுமென்று போட்ட புகை நேராக மனைக்குள் வந்தது. மார்கழியில் வந்திருந்தால் நிஜப் பனியே செலவில்லாமல் கிடைத்திருக்கும்.

கேரவன் நிற்பது பால் சொசைட்டி வாசலில். சாயங்காலம் 5 மணிக்குப் பால் கேனோடு வரும் பெண்களை ஒரு பையன் கயிறு பிடித்து, "ஷாட் போகுது, நில்லுங்க" என்கிறான். கறந்த பால் நிற்குமா?

அனுமதி வாங்கியிருப்பீர்கள். கோயிலுக்குப் பணம் கொடுத்ததும் தெரியும். ஆனால் தடத்தோரம் இருக்கும் நாலு வீட்டில் ஒருவரிடமாவது எத்தனை நாள், எந்த நேரம் என்று சொன்னீர்களா? சொல்லியிருந்தால் இளம்புழு வாங்குவதையே 15 நாள் தள்ளிப் போட்டிருப்பேன்.

சரி, இனி ஆக வேண்டியது. காலையும் மதியமும் தடத்தில் ஒரு டேங்கர் தண்ணீர் தெளித்துவிடுங்கள். மழைக் காட்சிக்கு மூன்று டேங்கர் வந்ததைப் பார்த்தேன். கேரவனைக் களத்துமேட்டுக்கு நகர்த்துங்கள். வெள்ளிக்கிழமை வாக்கில் புழு சந்திரிகை (கூடு கட்ட விடும் தட்டு) ஏறிவிடும். கூடு கட்டி முடியும்வரை புகை மட்டும் வேண்டாம்.

கூட்டத்தில் நிற்க ஆள் வேண்டுமென்று கேட்டீர்களாமே. கூடு விற்றதும் நானே வருகிறேன்.

இப்படிக்கு,
தடத்தோரத்துத் தோட்டக்காரன்