அரிய ஆங்கிலச் சொற்களுக்கு ஒரு வரிப் பொருள் போதாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் ஞாயிறு இணைப்பில் வரும் அரிய ஆங்கிலச் சொற்கள் பகுதியை விடாமல் படிக்கிறேன். போட்டித் தேர்வுக்குத் தயாராகும் பிள்ளைகள் அதைக் கத்தரித்து நோட்டில் ஒட்டி மனப்பாடம் செய்கிறார்கள். அதனால்தான் இந்தக் கோரிக்கை: சொல்லையும் ஒரு வரிப் பொருளையும் போட்டு நிறுத்திவிடாதீர்கள். அந்தச் சொல் யாருடைய எழுத்தில், எந்தக் காலத்தில் புழங்கியது என்பதற்கு ஒரு வாக்கியமாவது உடன் வரட்டும்.

சமீபத்தில் ‘டிஃபெனஸ்ட்ரேஷன்’ என்பதற்கு ‘ஜன்னல் வழியாக வெளியே எறிதல்’ என்று போட்டிருந்தீர்கள். சரியான பொருள்தான். ஆனால் இதற்கென்று ஒரு தனிச்சொல் ஏன் வேண்டியிருந்தது? 1618 மே மாதம், இன்றைய செக் நாட்டிலுள்ள பிராக் கோட்டையில் புராட்டஸ்டன்ட் பிரபுக்கள், அரசரின் கத்தோலிக்கப் பிரதிநிதிகள் இருவரையும் அவர்களுடைய செயலரையும் ஜன்னல் வழியே தூக்கி வீசினார்கள். மூவரும் பிழைத்துக்கொண்டார்கள், ஐரோப்பாவோ முப்பதாண்டுப் போரில் விழுந்தது. இதைச் சொல்லிக் கொடுத்தால் எந்த மாணவருக்கும் அந்தச் சொல் மறக்காது. ஒருவரைப் பதவியிலிருந்து தூக்கி எறிவதற்கும் அதை ஏன் எழுதுகிறார்கள் என்பதும் தானாகவே விளங்கிவிடும்.

சான்று இல்லாத பொருள் எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு அமெரிக்காவின் வெப்ஸ்டர் அகராதியிலேயே உதாரணம் இருக்கிறது. 1931இல் அதன் வேதியியல் பதிப்பாசிரியர் ஆஸ்டின் பேட்டர்சன், ‘டென்சிட்டி’ (அடர்த்தி) என்பதைப் பெரிய ‘டி’ அல்லது சின்ன ‘டி’ எழுத்தால் சுருக்கி எழுதலாம் என்று ஒரு சீட்டில் குறித்து அனுப்பினார். ‘அல்லது’ என்பதற்கான ஆங்கிலச் சொல் ‘ஆர்’ (D or d) நடுவில் நின்றதால், அச்சுக்குத் தயாரித்தவர்கள் எல்லாவற்றையும் ஒரே சொல்லாகச் சேர்த்துப் படித்துவிட்டார்கள். 1934 பதிப்பில் ‘டோர்ட்’ என்றொரு பெயர்ச்சொல் பிறந்தது. உச்சரிப்பும் கொடுத்தார்கள், ‘அடர்த்தி’ என்று பொருளும் கொடுத்தார்கள். 1939இல்தான், இதற்குச் சொற்பிறப்புக் குறிப்பே இல்லையே என்று ஒரு பதிப்பாசிரியர் கவனித்தார். எவராவது ஓரிடத்தில் எழுதிய வாக்கியம் ஒன்றைக் காட்டு என்று முதலிலேயே கேட்டிருந்தால் அது அச்சேறியே இருக்காது.

ஆக்ஸ்ஃபோர்டு அகராதிக்காக அதன் பதிப்பாசிரியர் ஜேம்ஸ் முர்ரே 1879இல் பொதுமக்களிடம் கேட்டதும் இந்த மேற்கோள்களைத்தான். படித்த புத்தகத்திலிருந்து வாக்கியத்தைச் சீட்டில் எழுதி ஆயிரக்கணக்கானோர் அனுப்பினார்கள். 1928இல் முதல் பதிப்பு நிறைவடைந்தபோது, சொல்லுக்குக் கீழே ஆண்டு வாரியாக அந்த மேற்கோள்கள் நின்றன. ஒரு சொல் எப்போது பிறந்தது, எப்போது வழக்கொழிந்தது, இன்று அதை எழுதினால் எடுபடுமா என்பதையெல்லாம் அவற்றைப் பார்த்தே சொல்லிவிடலாம்.

இடம் போதாது என்றால் சொற்களின் எண்ணிக்கையைக் குறைத்துக்கொள்ளுங்கள். வாரம் மூன்று சொற்கள் போதும். ஒவ்வொன்றுக்கும் ஒரு மேற்கோள், அதன் ஆண்டு, இப்போதும் வழக்கில் உள்ளதா என்ற குறிப்பு, தமிழ் எழுத்தில் உச்சரிப்பு ஆகியவை வேண்டும். அடுத்த வாரத்திலிருந்தே தொடங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை ஒருவர்