ஒரே ஆல்பம், இரண்டு பதிப்புகள்

அன்புள்ள முரளி,

கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்து காலையில் நடக்கத் தொடங்கிவிட்டாய் என்று படித்ததும் நிம்மதி. மகள் வேலை கிடைத்து வெளியூர் போய்விட்டாள். காலியான அவள் அறையைச் சி.டி.க்களால் நிரப்பிக்கொண்டிருக்கிறேன். வீட்டம்மாவுக்கு இதில் துளியும் மகிழ்ச்சியில்லை.

இன்னும் அந்தப் பிரிட்டிஷ் ராக் இசைக்குழுதானா என்று கேட்டிருந்தாய். ஆம், கிங் கிரிம்ஸன்தான். 1969 முதல் 2003 வரை வந்த அவர்களுடைய 13 ஸ்டூடியோ ஆல்பங்களையும் ஃபிளாக் (FLAC) என்ற ஒலிக்கோப்பு வடிவில் கணினியில் ஏற்றிவிட்டேன். எம்பி3 போதாதா என்று கேட்டிருந்தாய். கேட்பதற்குத் தாராளமாகப் போதும். நல்ல 320 கிலோபிட் எம்பி3 எது, ஃபிளாக் எது என்று என் காதால் பிரித்துச் சொல்ல முடியாது. முடியும் என்று சத்தியம் செய்பவர்களையும் நான் அவ்வளவாக நம்புவதில்லை. ஆனால் கோப்பின் அளவைக் குறைக்க எம்பி3 ஒருமுறை கழித்துவிட்ட ஒலியை மீட்க வழியே இல்லை. ஃபிளாக் சி.டி.யில் இருப்பதைச் சுருக்கி வைக்கிறதே தவிர, ஒரு பிட்டைக்கூடத் தொலைப்பதில்லை. நாளைக்கு வேறு வடிவம் வந்தாலும் அதிலிருந்து மாற்றிக்கொள்ளலாம்.

என்னைப் படுத்தியெடுத்தது எந்தப் பதிப்பை வைத்துக்கொள்வது என்ற கேள்விதான். முதல் ஆல்பத்தின் மூல நாடா வெகுகாலம் கிடைக்காமலே இருந்தது. அது அகப்பட்ட பிறகு, 2004இல் வந்த சி.டி. அதற்கு முந்தையவற்றைவிட எவ்வளவோ தெளிவு. 2009இல் இசைக்கலைஞர் ஸ்டீவன் வில்சனும் குழுவின் கிதார் கலைஞர் ராபர்ட் ஃபிரிப்பும், கருவிகளும் குரலும் தனித்தனித் தடங்களில் பதிவான பல்தட நாடாக்களிலிருந்து புதிதாக ஒலிக்கலவை செய்தார்கள். அதில் மெல்லோட்ரான் என்ற விசைப்பலகைக் கருவியின் ஒலிக்கு அடியில் புதைந்திருந்ததெல்லாம் மேலே வந்துவிட்டது. ஆனால் அந்த ஆல்பத்தின் ‘மூன்சைல்ட்’ பாடல் 12 நிமிடத்திலிருந்து 9 ஆகக் குறைந்துபோயிற்று. அந்த இழுவை வாசிப்பை நீ எத்தனையோ தடவை திட்டியிருக்கிறாய். எனக்கு அதுவும் வேண்டும். எனவே இரண்டுக்கும் இடம் கொடுத்துவிட்டேன்.

அவர்களுடைய ‘எர்த்பவுண்ட்’ ஆல்பத்தின் கதைதான் வேடிக்கை. 1972 அமெரிக்கப் பயணத்தில் கேசட்டில் பதிவான மேடைக் கச்சேரி அது. ஒலித்தரம் சரியில்லை என்று அட்லாண்டிக் நிறுவனம் அமெரிக்காவில் வெளியிடவே மறுத்தது. அந்தக் கரகரப்பை அணுவும் குறையாமல் ஃபிளாக்கில் காப்பாற்றி வைத்திருக்கிறேன். சிரித்துக்கொள். குழுவில் அப்போது இருந்த மெல் காலின்ஸின் சாக்ஸஃபோன் அத்தனை இரைச்சலையும் கிழித்துக்கொண்டு வரும் இடத்தைக் கேட்டால் நீயும் வாயடைத்துப்போவாய்.

பழைய வால்வு ஆம்பிளிஃபயரை விற்கப்போவதாக எழுதியிருந்தாயே, அவசரப்படாதே. பொங்கலுக்கு அந்தப் பக்கம் வருகிறேன். யாரோ கேட்கிற விலையை நானே தந்துவிடுகிறேன்.

அன்புடன்,
சேகர்