முராகியை மறக்கலாமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் அகிரா குரோசவாவைப் பற்றிய கட்டுரைகள் பலவற்றில் அவருடைய கலை இயக்குநர் யோஷிரோ முராகியின் பெயர் விடுபட்டுப்போவது மிகுந்த வருத்தம் தருகிறது. 1924இல் பிறந்து, உதவியாளராகத் தொடங்கி, 1955 முதல் குரோசவாவின் பெரும்பாலான படங்களுக்கு அரங்கம் அமைத்தவர் அவர். நான்கு முறை ஆஸ்கர் பரிந்துரை பெற்றும் விருது கைக்கு எட்டவேயில்லை. 1985இல் வெளிவந்த 'ரான்' படத்துக்காக ஃபூஜி மலைச்சரிவில் எழுப்பிய கோட்டை, படப்பிடிப்பிலேயே உண்மையாகத் தீக்கிரையாக்கப்பட்டது. மறுமுறை எடுக்க வழியில்லாத அந்தக் காட்சியில், புகை சூழ்ந்த படிகளில் முதிய பிரபு வெறித்த கண்களுடன் இறங்கி வரும்போது, நடிகரின் முகத்தோடு முராகியின் அரங்கமும் சேர்ந்தே நடிக்கிறது என்பேன். 2009இல் மறைந்த அக்கலைஞரைப் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் தனிக் கட்டுரை ஒன்று வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்