பத்தாவது ராத்திரி

தாராவி, மும்பை
ஞாயிறு சாயந்திரம்

அன்பு மகன் செல்வத்துக்கு அம்மா எழுதுவது.

இங்கே எல்லாரும் சுகம். உன் கம்ப்யூட்டர் விளையாட்டுக்கு எழுதின கதை என்று நீ அனுப்பின பைலைக் கடையில் பிரிண்ட் எடுத்து ரெண்டு தரம் படித்தேன். 'கெமிஸ்ட்ரி சரியா இருக்கான்னு பாரும்மா' என்று ஒற்றை வரி, அது வந்த நேரம் விடியக்காலம் 3.40. மூணு வாரமாகப் போன் இல்லை. வேலை இருக்கும், சரி.

உன் துயில்நீருக்கு வருகிறேன். கனாக்காட்டுக் கிணற்றில் ஊறுகிற நீலத் தண்ணீர். உள்ளே போனால் ஆள் விழித்துவிட்டதாக நினைத்துக்கொண்டு கனவுக்குள்ளேயே நடமாடுவான். நல்ல யோசனை. பக்கத்து வீட்டு அக்காவிடம்கூடப் படித்துக் காட்டினேன், என் மகன் எழுதினது என்று. ஆனால் தொட்டாலும் சாவு, முகர்ந்தாலும் சாவு, குடித்தாலும் சாவு என்று போட்டிருக்கிறாயே, அது சரியில்லை ஐயா. எந்த வழியாக உள்ளே போகிறது என்பதில்தான் பாதி விஷயம் இருக்கிறது. பாதரசத்தைப் பார். உடைந்த தெர்மாமீட்டரிலிருந்து ஒரு மணி வயிற்றுக்குள் போனால் பெரும்பாலும் அப்படியே வெளியே வந்துவிடும். அதே மணி கட்டிலுக்கடியில் கிடந்து ஆவியானால் மூச்சு வழியாக ஏறி மூளைக்குப் போகும். கை நடுங்கும், தூக்கம் கெடும், மனுஷர் முகத்தைப் பார்க்கவே கூசும். அதனால் துயில்நீரை மூச்சு வழி மட்டும் வைத்துக்கொள். கிணற்றடியில் குனிகிறவனுக்குத்தான் ஆபத்து என்றால் விளையாடுகிறவன் தானாகவே பயந்து பயந்து நடப்பான்.

அடுத்தது வாசனை. 'கடைசிவரை மல்லிகை மணக்கும்' என்பதை அடித்துவிடு. லேபில் உப்பு அனாலிசிஸுக்கு ஹைட்ரஜன் சல்பைடு விடுவோமே, கொஞ்சமாக இருக்கும்வரை அழுகின முட்டை நாற்றம். காற்றில் பத்து லட்சத்துக்கு நூறு பங்குக்கு மேல் போனால் மூக்கு செத்துவிடும், நாற்றமே தெரியாது. நாற்றம் போச்சு, தப்பித்தோம் என்று நினைக்கிற இடத்தில் ஆள் விழுவான். மல்லிகை மணம் திடீரென்று நிற்கிற இடம்தான் உன் விளையாட்டில் ஓட வேண்டிய இடம். வாசனையே இல்லாததும் உண்டு, கார்பன் மோனாக்சைடு. ரத்தத்தில் ஆக்சிஜன் உட்காருகிற இடத்தை அதைவிட இருநூறு மடங்குக்கு மேல் இறுக்கமாகப் பிடித்துக்கொள்ளும். கேஸ் கீசர் உள்ள பாத்ரூமில் ஜன்னலை அடைத்துக்கொண்டு குளித்தால் தூங்குகிற மாதிரியே சாய்ந்துவிடுவார்கள். உன் புது வீட்டில் கீசர் கேஸா கரண்டா? பெங்களூர் குளிருக்கு ஜன்னலைச் சாத்தாதே.

பாத்திரம். கண்ணாடிக் குப்பியில் எடுத்துப் போகிறான் என்று எழுதியிருக்கிறாய். பொருளைப் பொறுத்துத்தான் பாத்திரம். சோடியம் மண்ணெண்ணெய்க்கடியில் இருக்கும், வெள்ளைப் பாஸ்பரஸ் தண்ணீருக்கடியில். ஹைட்ரோஃபுளோரிக் அமிலம் கண்ணாடியையே தின்னும், அது பிளாஸ்டிக் பாட்டிலில்தான். ஆலகாலத்தைக்கூட அழிக்க முடியவில்லை, ஒரு தொண்டைக்குள் நிறுத்தத்தான் முடிந்தது. துயில்நீர் மேலே ஆவி எழும்பாதபடி நல்லெண்ணெய் மிதக்கட்டும். குப்பியில் பேர் எழுதி ஒட்டச் சொல். பேர் இல்லாத பாட்டில்தான் லேபில் ஆளைக் கொல்லும். பேர் எழுதணும், மூடணும், ஜன்னல் திறந்திருக்கணும்.

இப்போது கணக்கு. இதில்தான் எனக்குக் கோபமே வந்தது. துளிக்கணக்கில் ஆவி பிடிப்பார்கள், ஐந்து துளி உடம்பில் நின்றால் சாவு, உள்ளே போனதில் பாதி கழிய நாலு ராத்திரி ஆகும் என்று நீயே எழுதியிருக்கிறாய். பிறகு உன் கதாநாயகன் தூங்குவதற்காக ராத்திரிக்கு ஒரு துளி வீதம் ஒரு வருஷம் எடுக்கிறான். ஒரு துளிதானே என்கிறான். பாதி கழியும் முன்னே அடுத்தது போகிறதே! ஒரு ராத்திரி கழிந்தால் ஒரு துளியில் 0.84 மிஞ்சும், அதன்மேல் புதுசாக ஒன்று. முதல் ராத்திரி 1, ரெண்டாவது 1.84, மூணாவது 2.55. ஒன்பதாவது ராத்திரி 4.96. பத்தாவது ராத்திரி 5.17, அவன் செத்தாச்சு. கணக்கில் நீ நூற்றுக்கு நூறு வாங்கினவன், உனக்கா இது தெரியாமல் போச்சு? சாவு அளவை ஏழு துளி ஆக்கினால் பிழைப்பான், ஏனென்றால் அது 6.29-க்கு மேல் ஏறாது. ஆனால் ஒரே ஒரு ராத்திரி தூக்கம் வரவில்லை என்று ரெண்டு துளி எடுத்தான் என்றால் போச்சு.

விடுகிற முறையும் தப்பு. கதாநாயகன் ஏதோ பூவைத் தின்றான், அன்றைக்கே துயில்நீரை விட்டான், தெளிந்தான் என்கிறாய். ஒரு வருஷம் பழகின உடம்பு அப்படி விடாது. திடீரென்று நிறுத்தினால் முன்னைவிட மோசமாகத் தூக்கம் போகும், படபடப்பு, வியர்வை, வலிப்புகூட வரும். கால் கால் துளியாக, வாரக்கணக்கில் குறைக்கணும். பக்கத்தில் ஒருத்தர் இருக்கணும். தானாக நிறுத்தக் கூடாது. கேட்டுக்கொள், தானாக நிறுத்தக் கூடாது.

தீபாவளிக்கு வந்தபோது உன் பையில் துவைக்கத் துணி எடுத்தேன். அல்பிரசோலம் அட்டை இருந்தது, படபடப்புக்கும் தூக்கத்துக்கும் போடுகிற மாத்திரை. எண்ணிப் பார்த்தேன், இருந்தபடியே வைத்துவிட்டேன். கேட்க எனக்கு என்ன யோக்கியதை? பன்னிரண்டாம் வகுப்புப் பரீட்சை சமயம் நீ தூங்காமல் கிடந்தபோது அப்பாவுடைய மாத்திரையில் பாதியைப் பொடித்து ஹார்லிக்ஸில் கலக்கிக் கொடுத்தவள் நான். ஒரு நாள் இல்லை, பதினோரு நாள். அம்மா ஹார்லிக்ஸ் குடித்தால்தான் தூக்கம் வருது என்று நீ அத்தையிடம் பெருமையாகச் சொன்னாய். லேபில் பேர் ஒட்டாத பாட்டிலைத் தொடக்கூட விடமாட்டேன், வீட்டில் அதைச் செய்தேன். அப்பாவுக்கும் தெரியாது.

அட்டையைத் தூக்கி எறியாதே. அதை எடுத்துக்கொண்டு டாக்டரிடம் போ, எத்தனை மாசமாக என்பதை மறைக்காமல் சொல், அவர் குறைக்கிற கணக்கில் குறை. அந்த மாத்திரையோடு பீர், கீர் எதுவும் வேண்டாம், மூச்சு அடங்கிவிடும். வெள்ளிக்கிழமை உத்யான் எக்ஸ்பிரஸில் தாதரில் ஏறுகிறேன், சனிக்கிழமை அங்கே இருப்பேன். வேண்டாம் என்று சொல்லாதே. நீ பேச வேண்டாம், நான் சமைத்துக்கொண்டு கிடக்கிறேன்.

கீசர் கேஸா கரண்டா என்று மட்டுமாவது பதில் போடு.

அம்மா